பறக்காத கீபோர்டு

அக்டோபர் 9, வியாழன்

வியாழக்கிழமை என்பதால் கேன்டீனில் பட்டாணி சூப். எதிரே உட்கார்ந்திருந்த இர்யா தன் தட்டைப் பார்க்காமல் என் புருவத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"மறுபடியும் வழுக்கிட்டியா?"

"ஆமா."

"இந்த ஐஸுக்கு உன்மேல என்னடி அவ்வளவு கோவம்?"

பனி அரங்கத்தில் வேலை பார்ப்பவளுக்குப் பொய்க்குப் பஞ்சமே இல்லை. இர்யா ஐஸ் வண்டி ஓட்டுகிறாள்; கீறல் விழுந்த தரையை மழமழவென்று ஆக்குவது அவள் வேலை. நான் அலுவலகத்தில் இருக்கிறேன். எந்த அணிக்கு எந்த நேரம், யாருக்கு எந்த அளவு ஸ்கேட் என்பதெல்லாம் என் பொறுப்பு. இந்த ஊரில் நான் வழுக்கி விழுந்தேன் என்றால் யாரும் இரண்டாவது கேள்வி கேட்பதில்லை. இர்யாவைத் தவிர.

நேற்று என் புருஷன் கிம்மோ லேப்டாப்பில் ஹாக்கி ஆடித் தோற்றான். நான் உருளைக்கிழங்கு வடித்துக்கொண்டிருந்தேன். கையில் பிடித்து ஆடுகிற கேம்பேட் பறந்து வந்து இடது புருவத்தில் விழுந்தது. ரத்தம் கண்ணுக்குள் இறங்கியபோது அவன் கத்தியது இதுதான்: "பாரு, உன்னால உடைஞ்சே போச்சு!" என் மண்டை அவ்வளவு கெட்டி என்று எனக்கே தெரியாது. இது மூன்றாவது கேம்பேட்.

ஒன்று கவனித்தேன். அவன் லேப்டாப்பை எறிவதே இல்லை. கண்ணாடி துடைக்கிற துணியால் அதைத் துடைக்கிறான். பக்கத்தில் காபிக் கோப்பை வைக்க விடமாட்டான். அதன் கீபோர்டிலேயே ஆடினால் எதை எறிவான்?

அக்டோபர் 12, ஞாயிறு

அந்த ஆட்டம் கீபோர்டை ஏற்காதாம். கேம்பேட் மட்டும்தான். செய்தவர்கள் அப்படியே விற்றுவிட்டுப் போய்விட்டார்கள். அதை ஆடுகிறவர்களின் குழுமம் ஒன்று இணையத்தில் இருக்கிறது. போலந்து, ஸ்லோவாக்கியா, ஹங்கேரி, எங்கள் ஃபின்லாந்து ஆட்கள். ஆண்டுக்கணக்கில் கெஞ்சுகிறார்கள், யாராவது கீபோர்டு வழி செய்து தாருங்களேன் என்று. கிம்மோவும் அங்கேதான் கிடக்கிறான். குழுமத்தில் அவன் பெயர் "கோடாரி".

தொழிற்பள்ளியில் நிரல் எழுதப் படித்தவள் நான். அரங்கத்தின் நேர அட்டவணையே நான் எழுதியதுதான். முடியாதா என்ன?

குழுமத்தில் ஒரு பெயர் வேண்டும். "நாலாவது வரிசை" என்று வைத்துக்கொண்டேன். ஹாக்கியில் நாலாவது வரிசை ஆட்கள் கோல் போடுவதற்கு இல்லை. அடி வாங்குவதற்கு.

அக்டோபர் 20, திங்கள்

மதிய இடைவேளையில் மட்டும்தான் வேலை நடக்கிறது. கீபோர்டைக் கேம்பேட் என்று ஆட்டத்தை நம்ப வைக்க வேண்டும், அவ்வளவுதான். சொல்லிவிட்டேன், அவ்வளவுதான் என்று. இன்றைக்கு என் ஆட்டக்காரன் நேர்கோட்டில் மட்டும் ஓடினான். ஓடிப் போய் ஐஸைச் சுற்றியுள்ள பலகையில் மோதினான். திரும்பவும் மோதினான். சிரித்துவிட்டேன். விலா வலித்தது.

நவம்பர் 2, ஞாயிறு

வெள்ளிக்கிழமை பேட்சை, ஆட்டத்தோடு ஒட்டவைக்கும் அந்தச் சின்ன நிரலை, வெளியிட்டேன். இரண்டே நாளில் குழுமமே கூத்தாடுகிறது. ட்ரென்சின் என்ற ஊர்ப் பெயரில் எழுதும் ஒருவர் மட்டும் திரும்பத் திரும்ப ஒன்றையே கேட்கிறார்: "இனி கேம்பேடே தேவைப்படாதா? எல்லா லேப்டாப்பிலும் வேலை செய்யுமா? நிச்சயமாகவா?" நிச்சயம் என்று மூன்று தடவை பதில் போட்டேன். சந்தேகப் பேர்வழி.

இன்றைக்குச் சாப்பாட்டு மேசையில் கிம்மோ வாய் நிறையப் பேசினான்.

"நாலாவது வரிசைன்னு ஒருத்தன். நம்ம நாட்டுக்காரன்தான். என்ன மூளை தெரியுமா? அவன்தான்டீ ஆம்பளை. நீயும்தான் கம்ப்யூட்டர் முன்னாடி உக்காந்து நாளைத் தேய்க்கிற."

"ரொட்டி எடுத்துக்கோ," என்றேன்.

நவம்பர் 3, திங்கள்

கோடாரியிடமிருந்து எனக்கு முதல் தனிச்செய்தி. எழுத்து மாறாமல் இங்கே எழுதி வைக்கிறேன்: "மேஸ்திரி, வணக்கம். உங்கள் உழைப்புக்கு மனமார்ந்த நன்றி. ஓய்வு நேரத்தை எங்களுக்காகச் செலவிடுகிறீர்கள். உங்கள் கைகளுக்கு ஒரு கும்பிடு."

இந்தக் கைகளுக்கா. கல்யாணமாகி இத்தனை ஆண்டில் நன்றி என்ற சொல்லை அவன் வாயிலிருந்து நான் கேட்டதே இல்லை. சொல் அவனிடம் இருந்திருக்கிறது. என்மேல் செலவழிக்கத்தான் அவனுக்கு மனசு வரவில்லை.

நவம்பர் 16, ஞாயிறு

தோத்தான். லீக் ஆட்டம். கடைசி நிமிஷம், ஆளில்லாத கோல், அடிக்கிற விசையை அழுத்தினான், ஒண்ணும் நடக்கல.

லேப்டாப்பை மூடினான். மெதுவாக. மூடிமேல் இருந்த ரொட்டித் துகளை ஊதித் தள்ளினான். அப்புறம்தான் எழுந்தான்.

தோள்ல குத்தினான். சுவத்தோட வெச்சு அழுத்தி மறுபடியும் அங்கேயே. மறுபடியும் அங்கேயே. நான் என்ன பண்ணேன்? நான் பக்கத்துலயே இல்லையே. துணி மடிச்சுட்டு இருந்தேன்.

கேம்பேட் தூரத்திலிருந்து வந்தது. குனிந்தால் தப்பிக்கலாம். இப்போது அவனே வருகிறான். புத்திசாலி என்று நினைத்தேனே என்னை நானே.

நவம்பர் 17, திங்கள்

காலையில் செய்தி வந்திருந்தது. "மேஸ்திரி, சிரமத்துக்கு மன்னிக்கவும். வேகமாக ஓடும் விசை, மேலே போகும் விசை, அடிக்கும் விசை மூன்றையும் சேர்த்து அழுத்தினால் மூன்றாவது எடுபடவில்லை. ஒருவேளை தவறு என்னுடையதாகவும் இருக்கலாம்."

தவறு அவனுடையதில்லை. என்னுடையதுதான். லேப்டாப்பின் மட்டமான கீபோர்டு சில மூன்று விசைகளைச் சேர்த்து அழுத்தினால் ஒன்றை விழுங்கிவிடும். இந்த வேலை செய்கிற யாருக்கும் தெரிந்த விஷயம். நான் அலுவலகத்துப் பெரிய கீபோர்டிலேயே சோதித்துவிட்டு எல்லாம் சரி என்று அனுப்பிவிட்டேன். குழுமத்தில் மற்றவர்களுக்கு இது சின்னப் பிழை. எனக்கு இடது கை தோளுக்கு மேல் எழும்பவில்லை.

வலது கையால் விசைகளை இடம் மாற்றி எழுதினேன். அவனுக்குப் பதிலும் போட்டேன்: "சுட்டிக் காட்டியதற்கு நன்றி, கோடாரி. சரிசெய்கிறேன்."

நவம்பர் 23, ஞாயிறு

புதிய பேட்ச். ஜெயித்தான். வீடு அமைதி.

டிசம்பர் 6, சனி

ஃபின்லாந்தின் சுதந்திர தினம். வழக்கப்படி ஜன்னலில் இரண்டு மெழுகுவர்த்தி. ஜெயித்தான். நெற்றியில் முத்தம் வைத்தான். நான் பேட்சுக்கு நன்றி சொன்னேன், மனசுக்குள்.

டிசம்பர் 15, திங்கள்

நேற்று எதிராளியின் இணைப்பு திணறியதாம். அதற்கு நான் பேட்ச் எழுத முடியாதே. தோற்றான்.

லேப்டாப்பை மூடவில்லை இந்தத் தடவை. அப்படியே வந்து என் முடியைச் சுருட்டிப் பிடித்து, சமையலறையிலிருந்து பால்கனி வரைக்கும் இழுத்துக்கொண்டு போனான். முழங்காலில்தான் போனேன். கதவைச் சாத்திப் பூட்டிவிட்டான். மாலை நாலு மணி, இருட்டிவிட்டது, மைனஸ் பதினெட்டு. கையில்லாத பனியன், வெறும் கால். கண்ணாடியைத் தட்டினால் இன்னும் கோபம் வரும் என்று தட்டவில்லை. ஒற்றைக் காலில் மாறி மாறி நின்றேன். கண்ணாடி வழியே அவன் தெரிந்தான். லேப்டாப் முன் உட்கார்ந்து இரண்டு கையாலும் ஏதோ தட்டிக்கொண்டிருந்தான். முகத்தில் ஒரு சின்னப் புன்னகை கூட. யாருக்கு இவ்வளவு நிதானமாக எழுதுகிறான் என்று நினைத்தேன்.

இன்று அலுவலகத்துக்கு வந்து பார்த்தேன். எனக்குத்தான்.

"மேஸ்திரி, அடுத்த பேட்சுக்கு அவசரமே இல்லை. பண்டிகைக் காலம் வருகிறது. குளிரில் அலையாமல் குடும்பத்தோடு இருங்கள்."

அனுப்பிய நேரம் நாலு பத்து.

வாந்தி எடுத்துவிட்டேன், குப்பைக் கூடையில். இர்யா கதவில் வந்து நின்றாள். காலணியைக் கழற்றி வைத்திருந்தேன், கால் விரல்கள் வெள்ளையாக இருப்பதைப் பார்த்தாள். ஐஸ் வண்டியிலிருந்து தன் கம்பளிக் காலுறையைக் கொண்டுவந்து மாட்டிவிட்டாள்.

டிசம்பர் 29, திங்கள்

அவனைத் தோற்க விடாமல் செய்தால்?

இதை எழுதவே வெட்கமாக இருக்கிறது. குழுமத்தில் நேர்மைக்குப் பேர் போனவன் நாலாவது வரிசை. ஆனாலும் கிம்மோவுக்கு மட்டும் ஒரு தனி பேட்ச் செய்தேன். அவன் அடிக்கும் விசை ஒரு இம்மி முன்னதாக எடுபடும். ரப்பர் வட்டு அவன் மட்டையைத் தேடி வரும். "சோதனைக்கு உங்களைத்தான் நம்புகிறேன், யாரிடமும் சொல்ல வேண்டாம்" என்று எழுதி அனுப்பினேன். இடைவேளை முடிவதற்குள் அவசர அவசரமாகச் செய்தது.

பதில்: "மேஸ்திரி, இந்த மரியாதைக்கு நான் தகுதியானவனா?"

ஜனவரி 11, ஞாயிறு

ஜெயித்தான். ஜெயித்துக்கொண்டே இருக்கிறான். என் தோள் வலி போய்விட்டது, முடி வளர்கிறது. கடையில் பாட்டுப் பாடிக்கொண்டு மீன் வாங்கினேன்.

ஜனவரி 26, திங்கள்

நேற்று அரையிறுதி. ஜெயித்தான். ஏழுக்கு ஒன்று. அவன் வேலை பார்க்கும் பட்டறையிலிருந்து கூட்டாளிகள் இரண்டு பேர் வந்திருந்தார்கள், பீர், சாசேஜ், ஒரே கூச்சல். ஆட்டத்தில் சண்டை விசை என்று ஒன்று உண்டு, நான்தான் அதற்கும் இடம் கொடுத்தேன். எதிராளியின் சட்டையைத் தலைக்கு மேல் இழுத்துக் கண்ணை மறைத்துவிட்டுக் குத்துவது. நிஜ ஹாக்கியிலும் அப்படித்தான்.

"நிஜத்துல எப்படின்னு காட்டட்டுமா?" என்று அவர்களிடம் கேட்டான். என்னைக் கூப்பிட்டான். "வாடீ, சும்மா நில்லு. காமெடிதான்."

என் ஸ்வெட்டரைப் பின்னாலிருந்து தலைக்கு மேல் இழுத்தான். கை இரண்டும் உள்ளே மாட்டிக்கொண்டது. ஒரு கையால் கழுத்தை இறுக்கிப் பிடித்தான். இருட்டு. கம்பளி வாயில் அடைத்தது. குத்து எங்கிருந்து வரும் என்று தெரியாது. வயிறு. விலா. காது. விலாவில் உள்ளே ஏதோ டக்கென்றது, எனக்கே கேட்டது. அவர்கள் சிரித்தார்கள். அப்புறம் ஒருவன், "போதும்டா கிம்மோ, விடுடா," என்றான். அப்புறம் சிரிப்பு நின்றது. குத்து நிற்கவில்லை.

தோத்தாலும் அடி. ஜெயிச்சாலும் அடி. நான் எந்த விசையைத் தேடிட்டு இருக்கேன்? அவன் தோக்குறதுக்கும் என்னை அடிக்கிறதுக்கும் சம்பந்தமே இல்லடி தாரு. சம்பந்தமே இல்ல. நாலு மாசமா இல்லாத பிழையைத் திருத்திட்டு இருந்திருக்க.

ஜனவரி 27, செவ்வாய்

இர்யா கதவைச் சாத்திவிட்டு எதிரே உட்கார்ந்தாள்.

"நான் இந்த ஐஸ்ல எத்தனையோ பேரு விழுந்து பாத்துட்டேன். ஐஸ் முட்டியைப் பேக்கும், மூக்கை உடைக்கும். கழுத்துல நாலு விரல் அடையாளம் வெக்காது."

அழுதேன். விலா வலியில் அழக்கூட முழுசாக முடியவில்லை.

"குவோப்பியோல பொம்பளைங்களுக்குன்னு ஒரு காப்பகம் இருக்கு. ஒரு மணி நேரம் வண்டி ஓட்டணும், அவ்ளோதான். எப்ப வேணா சொல்லு. நடுவுல காபி குடிக்க நிறுத்தமாட்டேன், அது மட்டும் கண்டிஷன்."

இன்னும் இல்லை என்றேன். ஆனால் பாஸ்போர்ட்டையும், ஒரு செட் துணியையும், அம்மாவின் மோதிரத்தையும் பையில் போட்டு, வாடகை ஸ்கேட் அலமாரியில் நாற்பத்தேழாம் அளவுக்குப் பின்னால் வைத்துவிட்டேன். அந்த அளவை யாரும் கேட்பதில்லை.

பிப்ரவரி 11, புதன், மதியம்

ஐயோ.

கிம்மோ காலையில் வேலைக்குப் போகும் முன் குழுமத்தில் ஒரு படம் போட்டிருக்கிறான். என் தனி பேட்ச் செயலிழந்து, திரையில் பிழைப் பெட்டி வந்திருக்கிறது. அதைப் படம் பிடித்து, "மேஸ்திரி, இது என்ன?" என்று கேட்டிருக்கிறான்.

பெட்டியில் ஒரு வரி. எந்தக் கணினியில், எந்தக் கோப்புறையில் அந்த நிரல் பிறந்தது என்று அதுவே சொல்லும். வெளியிடும் முன் அதை அழித்துவிடுவது இந்த வேலையில் முதல் பாடம். பொது பேட்ச் எல்லாவற்றிலும் அழித்தேன். அவனுக்குச் செய்ததில் மட்டும் அவசரத்தில் விட்டுவிட்டேன். பனி அரங்கம், அதற்குள் தாரு, அதற்குள் ஹாக்கி, அதற்குள் "கிம்மோவுக்கு".

அவன் படிக்கவில்லை. படித்திருந்தால் இந்நேரம் இங்கே இருப்பான். ஆனால் ஒரு ஹங்கேரிக்காரன் கீழே எழுதியிருக்கிறான்: "ஹா ஹா, நாலாவது வரிசை, யார் இந்தத் தாரு? உன் மனைவியா?"

படத்தை அழித்துவிட்டேன், பதிலையும். நான் தொடங்கிய உரையாடல் இழைதானே. ஆனால் எத்தனை பேர் பார்த்தார்களோ. அவன் கைப்பேசியில் பார்த்தானோ. பார்க்காவிட்டாலும், மாலை ஆட்டத்தைத் திறந்தால் பெட்டி மறுபடியும் வரும்.

கை தானாகப் பிழையைத் தேடிப் போகிறது. எங்கே செயலிழந்தது என்று கூடத் தெரிகிறது, பத்து நிமிட வேலை. திருத்தி அனுப்பிவிட்டு, வீட்டுக்குப் போய்ச் சமைத்து...

இல்லை. திருத்தமாட்டேன்.

இர்யா ஐஸில் இருக்கிறாள், இன்னும் அரை வட்டம்தான் பாக்கி. பெண்கள் அணி பயிற்சிக்கு வந்து உடை மாற்றிக்கொண்டிருக்கிறது. அவள் இறங்கியதும் சொல்லிவிடுவேன். பையை எடுத்து

பிப்ரவரி 14, சனி

இடது கையால் எழுதுகிறேன். கோழிக் கிறுக்கல். பரவாயில்லை.

இன்று நண்பர்கள் தினமாம். தாதி சாக்லேட் வைத்துவிட்டுப் போனாள்.

அன்றைக்கு அவன் பார்த்துவிட்டான். பட்டறையில் கைப்பேசியில். பையைத் தோளில் மாட்டிக்கொண்டு நிமிர்ந்தேன், வாசலில் நிற்கிறான். எண்ணெய்க் கறை உடுப்போடு.

"நீயா?" என்றான்.

பையை முதுகுக்குப் பின்னால் தள்ளினேன்.

"நீயாடி மேஸ்திரி? என்னை ஜெயிக்க வெச்சது நீயா? ஊரே சிரிக்குது."

ஊர் சிரிக்கவில்லை. ஒரு ஹங்கேரிக்காரன் சிரித்தான். அதைச் சொல்ல நேரமில்லை. என் வலது மணிக்கட்டைப் பிடித்தான். "இந்தக் கைதானே?" என்றான். செய்தியில் அவன் கும்பிட்ட அதே கை. கதவு நிலையில் வைத்து அழுத்திக்கொண்டு, மறு கையால் இரும்புக் கதவை இழுத்துச் சாத்தினான். திறந்தான். மறுபடியும் சாத்தினான்.

அந்தச் சத்தத்தை எழுதமாட்டேன்.

நான் கத்தினேன் போலிருக்கிறது. முதல் தடவையாக. வீட்டில் கத்தியதே இல்லை, பக்கத்து வீட்டுக்காரர்கள் என்ன நினைப்பார்கள் என்று. பெண்கள் அணி மொத்தமும் நடைபாதைக்கு வந்துவிட்டது. அவன் என்னைக் கீழே தள்ளி ஒரு உதை விட்டான், இரண்டாவதற்குக் கால் ஓங்கினான். கோல்கீப்பர் பெட்ரா. முழு அங்கியோடு, காலில் ஸ்கேட்டோடு, ரப்பர் தரையில் ஓடி வந்து மார்பால் மோதினாள். அவன் தடுமாறிப் போய் முகம் சுவரில் மோதியது. மூக்கிலிருந்து ரத்தம் கொட்டியது. எழப் பார்த்தான். தடிமனான கையுறையால் முகத்தில் ஒன்று விட்டாள். அப்புறம் மேலே ஏறி உட்கார்ந்துவிட்டாள். அத்தனை பஞ்சோடும் அவள் ஒரு அலமாரி கனம் இருப்பாள்.

"எந்திரிடீ, மூச்சு முட்டுது!"

"போலீஸ் வரட்டும் மாமா, அதுவரைக்கும் அசையாம படு. அசைஞ்சா இன்னும் ரெண்டு பேரு ஏறுவாங்க."

இர்யா ஐஸ் வண்டியை வாசலுக்குக் குறுக்கே நிறுத்தியிருந்தாள். அவன் தப்பிவிடக் கூடாதென்று. ஆம்புலன்ஸும் உள்ளே வர முடியவில்லை. அதற்காகப் பிறகு தன்னையே திட்டிக்கொண்டாள்.

மூன்று விரல் உடைந்திருக்கிறது. சுண்டுவிரலில் உணர்வில்லை. விலாவிலும் பழைய முறிவு ஒன்று தெரிகிறது என்றார் மருத்துவர். எப்படி வந்தது என்று கேட்டார். ஐஸில் வழுக்கினேன் என்று வாய் வரை வந்துவிட்டது. விழுங்கினேன். சொன்னேன். எல்லாவற்றையும். போலீஸ்காரி எழுதி எழுதிக் கை உதறினாள்.

போகும்போது அவள் சொன்னாள்: "வண்டியில ஒரே அழுகை உன் புருஷன். திரும்பத் திரும்ப ஒரே கேள்வி. அதை உண்மையிலேயே அவதான் செஞ்சாளா, அவளுக்கு அவ்வளவு வருமான்னு."

வரும்டா.

மார்ச் 3, செவ்வாய்

குவோப்பியோ. காப்பகம். அவன் என்னை நெருங்கக் கூடாது என்று உத்தரவு வந்துவிட்டது. கதவு சாத்தும் ஒவ்வொரு முறையும் கையை மடியில் ஒளிக்கிறேன்.

ஏப்ரல் 8, புதன்

சொந்த வீடு. ஒரே அறை. இர்யா ரை ரொட்டியும் உப்பும் கொண்டுவந்தாள், புது வீட்டு வழக்கப்படி. சுற்றிப் பார்த்துவிட்டு, "பால்கனி இல்லையே," என்றாள்.

"வேண்டாம்னுதான் தேடினேன்."

மே 4, திங்கள்

ஒற்றைக் கையால் ஆட ஒரு பேட்ச் எழுதியிருக்கிறேன். எனக்காகத்தான் முதலில். வலது கையில் இரண்டு விரல் இனி மடங்காதாம். இன்று அதை வெளியிட, பிப்ரவரிக்குப் பிறகு முதல் தடவையாகக் குழுமத்தைத் திறந்தேன்.

கோடாரியின் கணக்கு அப்படியே இருக்கிறது. அதைத் திறக்கவில்லை. மற்றவர்கள் மேஸ்திரி எங்கே, மேஸ்திரி செத்துவிட்டாரா என்று கேட்டிருக்கிறார்கள். எல்லோருக்கும் சேர்த்து ஒரு வரி எழுதினேன்: "உயிரோடு இருக்கிறேன். என் பெயர் தாரு."

தனிச்செய்திகளுக்கு நடுவே ஒன்று. ட்ரென்சினிடமிருந்து. நிச்சயமாகவா, நிச்சயமாகவா என்று கேட்ட அதே ஆள். பிப்ரவரி கடைசியில் எழுதியது.

"உங்களுக்கு நன்றி சொல்ல வேண்டும் என்று நெடுநாளாக நினைத்தேன். நான் இந்த ஆட்டத்தை ஆடுவதில்லை. என் கணவர் ஆடுகிறார். உங்கள் கீபோர்டு பேட்ச் வந்த பிறகு எங்கள் வீட்டில் எதுவும் பறப்பதில்லை."

நாற்காலியிலிருந்து எழுந்து ஜன்னல் வரை போய்விட்டுத் திரும்பி வந்தேன். என்னவென்று எழுதுவது? சந்தேகப் பேர்வழி என்று நினைத்தேனே இவளை.

இடது கையால், ஒவ்வொரு எழுத்தாகத் தட்டினேன்.

"எதுவும் பறக்கவில்லை என்றால், அடுத்த தடவை அவரே எழுந்து வருவார். அவர் ஜெயித்தாலும் வருவார். பாஸ்போர்ட் எங்கே இருக்கிறது? பை தயாரா? உங்களிடம் கார் இருக்கும் ஒருத்தியின் பெயரைச் சொல்லுங்கள்."

அனுப்பிவிட்டேன். அவள் எழுதி இரண்டு மாதத்துக்கு மேல் ஆகிறது. பெயருக்குப் பக்கத்தில், ஆள் இணைப்பில் இருப்பதைக் காட்டும் பச்சைப் புள்ளி இல்லை. உருளைக்கிழங்கு வெந்துவிட்டது. அடுப்பை அணைத்தேன். லேப்டாப்பை மூடவில்லை.